ஓர்லாவை எழுதிய கை நடுங்கவில்லை

பள்ளிக்கூட ஆங்கிலப் புத்தகத்தில் 'நெக்லஸ்' கதையைப் படித்த எவருக்கும் மாப்பசானைத் தெரிந்திருக்கும். இரவல் வாங்கிய வைர நெக்லஸ் தொலைந்துபோய், பத்து வருஷம் பாடுபட்டுக் கடனடைத்து, கடைசியில் தலையில் இடி விழுகிற கதை. அந்த ஒன்றோடு அவரை மூடி வைத்துவிட்டவர்கள்தான் நம்மில் அதிகம். எனக்கு அவருடைய வேறொரு பக்கம்தான் பிடிக்கும். ராத்திரி பத்து மணிக்கு மேல் படிக்கத் தொடங்கி, பதினொன்றுக்கு எழுந்துபோய் ஒருமுறை கதவுத் தாழ்ப்பாளைப் பார்த்துவிட்டு வரவைக்கும் பக்கம்.

அந்தக் கதைகளில் தலையானது 'ஓர்லா'. ஆனால் அதைப் பற்றிப் பேச ஆரம்பித்தாலே எதிரே இருப்பவர் ஒரு தகவலை எடுத்துப் போட்டுவிடுவார்: "அவருக்கே பைத்தியம் பிடித்திருந்ததல்லவா? சிஃபிலிஸ். அதனால்தான் அப்படி எழுதினார்." முன்னுரைகளும் இதைத்தான் சொல்கின்றன, இணையத்தில் கிடைக்கிற சுருக்கங்களும் இதைத்தான் சொல்கின்றன. நோய் இருந்தது உண்மை. 1893 ஜூலையில், நாற்பத்து மூன்று வயது நிறைவதற்கு ஒரு மாதம் முன்னால், பாரிஸ் மனநல விடுதி ஒன்றில் இறந்தார் என்பதும் உண்மை. அதற்காக அந்தக் கதையை ஒரு நோயாளியின் கேஸ் ஷீட்டாகப் படிப்பதை என்னால் ஒப்புக்கொள்ள முடிவதில்லை.

கதை தெரியாதவர்களுக்காகக் கொஞ்சம் சொல்கிறேன். முடிவையும் சொல்லப்போகிறேன். முடிவு தெரிந்தால் கெட்டுப்போகிற கதை இல்லை இது.

ரூவான் நகரத்துக்குப் பக்கத்தில், சேன் நதிக்கரையில், வசதியான ஒருவர் வேலைக்காரர்களோடு தனியாக வசிக்கிறார். கதை முழுக்க அவருடைய நாட்குறிப்பு. மே 8-ஆம் தேதி தொடங்குகிறது. அருமையான காலை. புல்வெளியில் படுத்துக்கொண்டு நதியில் போகிற கப்பல்களைப் பார்க்கிறார். பளபளவென்று வெள்ளையாக ஒரு பிரேசில் நாட்டுப் பாய்மரக் கப்பல் வருகிறது. பார்க்க அழகாக இருக்கிறதே என்று அதற்கு ஒரு வணக்கம் வைக்கிறார். அவ்வளவுதான். நான்கு நாளில் லேசாகக் காய்ச்சல். அப்புறம் காரணமில்லாத கலக்கம், தூங்கப் பயம். தூங்கினால் யாரோ கட்டிலில் ஏறி, நெஞ்சின்மேல் மண்டியிட்டு, கழுத்தை நெரிக்கிறார்கள். நம் ஊரில் அமுக்குவான் பேய் என்பார்களே, கிட்டத்தட்ட அதுவே. கை கால் அசையாது, கத்த வராது.

இதுவரை எந்தப் பேய்க்கதையும் சொல்லக்கூடியதுதான். இதற்கப்புறம் அந்த மனிதர் செய்வதுதான் விசேஷம். ஒருநாள் இரவு தண்ணீர் குடித்துவிட்டுப் படுக்கிறார். ஜாடியில் நிறையத் தண்ணீர் மிச்சம் இருந்தது. நடுராத்திரி தாகமெடுத்து எழுந்து பார்த்தால் ஜாடி காலி. கதவு உள்பக்கம் பூட்டியிருக்கிறது. குடித்தது யார்? தூக்கத்தில் நடந்து தானே குடித்தாரா? அல்லது வேறு யாராவதா? பூசாரியைக் கூப்பிடுகிற ஆள் இல்லை இவர். பரிசோதனை செய்கிறார். மேஜையில் ஒயின், பால், தண்ணீர், ரொட்டி, ஸ்ட்ராபெரி எல்லாவற்றையும் வைத்துவிட்டுத் தூங்குகிறார். காலையில் தண்ணீர் முழுக்கவும் பாலில் கொஞ்சமும் போயிருக்கின்றன. மற்றவை வைத்தது வைத்தபடி. மறுநாள் அதே சோதனை, அதே முடிவு. அதற்கடுத்த நாள் தண்ணீரையும் பாலையும் எடுத்துவிடுகிறார். எதையும் யாரும் தொடவில்லை. கடைசியாக, தண்ணீரையும் பாலையும் மட்டும் வைத்து, பாத்திரங்களை வெள்ளை மஸ்லின் துணியால் சுற்றி, மூடிகளைக் கயிற்றால் கட்டி, தன் உதடு, தாடி, கையெல்லாம் பென்சில் கரியைத் தேய்த்துக்கொண்டு படுக்கிறார். தானே எழுந்து குடித்தால் துணியில் கறை படுமல்லவா? காலையில் பார்த்தால் துணி பளிச்சென்று இருக்கிறது. தண்ணீரும் இல்லை, பாலும் இல்லை.

கவனித்தீர்களா, சோதனையைத் திரும்பச் செய்து பார்க்கிறார், பிறகு காரணிகளை மாற்றுகிறார். கல்லூரி ஆய்வகத்தில் வாத்தியார் சொல்லிக்கொடுப்பது இதைத்தான். அறிவு வேலை செய்வதை நிறுத்தினால் பயம் வரும் என்றுதான் பொதுவாகப் பேய்க்கதைக்காரர்கள் நம்புகிறார்கள். இங்கே அறிவு பிசகில்லாமல் வேலை செய்கிறது, வேலை செய்யச் செய்யப் பயம் கூடுகிறது. நாட்குறிப்பில் அந்த இடத்தில் ஒரு சின்ன நுணுக்கம் உண்டு. யாரோ குடித்ததாக எழுதிவிட்டு, மூச்சு விடுவதற்குள் குடித்தது தான்தான் என்று திருத்திக்கொள்கிறார். அந்த ஒரு திருத்தத்துக்குள் மொத்தக் கதையும் இருக்கிறது என்பேன்.

நடுவில் பாரிசுக்குப் போகிறார். அங்கே ஒரு டாக்டர், இவருடைய உறவுக்காரப் பெண்ணை எல்லோர் முன்னாலும் ஹிப்னாடிச மயக்கத்தில் ஆழ்த்துகிறார். கையில் ஒரு விசிட்டிங் கார்டைக் கொடுத்து, இது கண்ணாடி, இதில் உன் உறவினர் என்ன செய்கிறார் பார் என்கிறார். இவர் அவளுக்குப் பின்னால் உட்கார்ந்திருக்கிறார். மீசையை முறுக்குகிறார் என்று அவள் சரியாகச் சொல்கிறாள். மறுநாள் காலை இவரிடம் ஐயாயிரம் பிராங்க் கடன் கேட்க வேண்டும் என்று டாக்டர் அந்த மயக்கத்திலேயே அவளுக்கு உத்தரவு போடுகிறார். மறுநாள் அவள் கண்ணீரும் கம்பலையுமாக வந்து நிற்கிறாள், ஏன் வந்தோம் என்று தெரியாமலே. பேய் பிசாசு எதுவும் இல்லாத பகுதி இது. எனக்கென்னவோ கதையிலேயே மிக அச்சுறுத்துகிற இடம் இதுதான். ஒருத்தியின் விருப்பத்தை வெளியிலிருந்து ஒருவர் எடுத்து மாட்டிவிடலாம் என்றால், அந்த நபர் ஏன் மனிதராகவே இருக்க வேண்டும்?

திரும்பி வந்த பிறகு எல்லாம் வேகம் பிடிக்கிறது. தோட்டத்தில் ஒரு ரோஜா கண்ணெதிரே காம்பு ஒடிந்து, யாரோ முகர்வதுபோல் உயர்ந்து அந்தரத்தில் நிற்கிறது. காலி நாற்காலிக்கு முன்னால் புத்தகத்தின் பக்கம் தானாகப் புரள்கிறது. பிரேசிலில், சாவ் பாவ்லோ பகுதியில், தூக்கத்தில் உயிரைக் குடிக்கிற, தண்ணீரும் பாலும் மட்டும் அருந்துகிற கண்ணுக்குத் தெரியாத ஏதோவொன்றுக்குப் பயந்து ஜனங்கள் வீட்டைவிட்டு ஓடுவதாக ஒரு அறிவியல் இதழில் செய்தி. அந்த வெள்ளைக் கப்பல் அவருக்கு ஞாபகம் வருகிறது. பிறகு அந்தக் கண்ணாடி. அறை முழுக்க விளக்கும் மெழுகுவத்தியும் எரிய, எழுதுவதுபோல் பாவனை செய்துகொண்டு உட்கார்ந்திருக்கிறார். தோளுக்கு மேலிருந்து அது, அந்த ஓர்லா, எட்டிப் பார்ப்பது தெரிகிறது. சட்டென்று திரும்புகிறார். அலமாரிக் கண்ணாடியில் அறை தெரிகிறது, வெளிச்சம் தெரிகிறது, அவர் மட்டும் இல்லை. அவருக்கும் கண்ணாடிக்கும் நடுவில் ஏதோ நிற்கிறது. பிறகு கிரகணம் விடுவதுபோல் மெல்ல மெல்ல அவர் உருவம் திரும்பி வருகிறது.

முடிவில் இரும்புக் கதவு போட்டு, ஓர்லாவை உள்ளே பூட்டி, வீட்டுக்கே தீ வைக்கிறார். வீடு கொழுந்துவிட்டு எரியும்போதுதான் மாடியில் வேலைக்காரர்கள் தூங்குவது நினைவுக்கு வருகிறது. அது செத்ததா என்ற சந்தேகமும் தீரவில்லை. இனித் தன்னைத்தானே கொன்றுகொள்வதுதான் ஒரே வழி என்ற எண்ணத்தோடு நாட்குறிப்பு நின்றுவிடுகிறது.

சரி, இதைப் பைத்தியம் பிடித்தவர் எழுதினாரா? இந்தக் கதையை மாப்பசான் மூன்று தரம் எழுதியிருக்கிறார்.

முதலாவது 1885 பிப்ரவரியில் 'ழில் பிளா' பத்திரிகையில் வந்த 'ஒரு பைத்தியத்தின் கடிதம்'. டாக்டருக்கு ஒருவர் எழுதும் கடிதம். நம் புலன்கள் எவ்வளவு ஓட்டையானவை என்று வாதம் செய்துகொண்டே போய், அந்தக் கண்ணாடிக் காட்சியில் முடிகிறது. இரண்டாவது 1886 அக்டோபரில் அதே பத்திரிகையில் 'ஓர்லா' என்ற பெயரில். அதில் ஒரு மருத்துவர் சக மருத்துவர்களையும் அறிஞர்களையும் கூட்டி வைத்துக்கொண்டு தன் நோயாளியைப் பேசச் சொல்கிறார். நோயாளி நிதானமாகச் சொல்லி முடிக்கிறார். அக்கம்பக்கத்தார் மூன்று பேருக்கும் இதே தொல்லை என்பதை மருத்துவரே உறுதிப்படுத்துகிறார். இவருக்குப் பைத்தியமா, நம் இருவருக்குமா, இல்லை மனிதனுக்கு அடுத்த உயிர் நிஜமாகவே வந்துவிட்டதா என்று தெரியவில்லை என்று கையை விரிக்கிறார். மூன்றாவதுதான் 1887-இல் புத்தகமாக வந்த, நாம் படிக்கிற நாட்குறிப்பு வடிவம்.

இரண்டாவதையும் மூன்றாவதையும் அடுத்தடுத்துப் படித்தால், எழுத்தாளர் எதை வெட்டினார் என்பது தெரியும். மருத்துவரை வெட்டிவிட்டார். சாட்சி சொன்ன அக்கம்பக்கத்தாரை வெட்டிவிட்டார். வாசகன் பிடித்துக்கொள்ள இருந்த கம்பையெல்லாம் பிடுங்கிப் போட்டுவிட்டார். கண்ணால் கண்டதைச் சொல்ல இப்போது ஒரே ஒருவர்தான், அவரையே நம்புவதா என்று தெரியவில்லை. பாரிஸ் ஹிப்னாடிசப் பகுதி புதிதாகச் சேர்ந்தது. வீடு எரிவதும் புதிது. மோன் சேன் மிஷேல் மடத்துத் துறவி, காற்றை யார் கண்ணால் பார்த்தார்கள், அது கப்பலைக் கவிழ்க்கவில்லையா என்று கேட்கிற இடமும் புதிது. சன்னதம் வந்து ஒரே மூச்சில் கொட்டியவர் செய்யும் வேலையா இது? இரண்டு வருஷம் ஒரு கருவைக் கையில் வைத்துக்கொண்டு, எந்தக் கோணத்தில் சொன்னால் வாசகனுக்குத் தப்ப வழியிருக்காது என்று கணக்குப் போட்டவர் செய்யும் வேலை.

கணக்கு என்று சும்மா சொல்லவில்லை. 1883 அக்டோபரில் 'லெ கோலுவா' பத்திரிகையில் மாப்பசான் மாயக்கதைகளைப் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். ஜனங்களுக்குப் பேயில் நம்பிக்கை போய்விட்டது, ஆகவே பழைய பாணியில் பிசாசைக் கொண்டுவந்து நிறுத்தினால் யாரும் பயப்பட மாட்டார்கள், இனி எழுத்தாளன் அமானுஷ்யத்தின் ஓரத்திலேயே சுற்றி வர வேண்டும், உள்ளே போகக் கூடாது என்பது அதன் சாரம். ஹாஃப்மனையும் எட்கர் ஆலன் போவையும் துர்கேனிவையும் உதாரணம் காட்டுகிறார். திட்டத்தை நான்கு வருஷம் முன்னாலேயே எழுதி வைத்துவிட்டார் என்பதுதான் விஷயம்.

திட்டம்கூட முழுக்க அவருடையது என்று சொல்ல முடியாது. பிரெஞ்சில் இதற்கு முன்னோடி ஒருவர் உண்டு, ப்ரொஸ்பேர் மெரிமே. 1837-இல் வந்த 'ஈலின் வீனஸ்' கதையை எங்கே கண்டாலும் விடாதீர்கள். மெரிமே அப்போது அரசாங்கத்தின் வரலாற்றுச் சின்னங்களுக்கான தலைமை ஆய்வாளர். ஊர் ஊராகப் போய் இடிந்த தேவாலயங்களைப் பார்த்து அறிக்கை எழுதுகிற உத்தியோகம். கதைசொல்லியும் அப்படிப்பட்ட ஒரு ஆராய்ச்சியாளர்தான். தோண்டியெடுத்த வெண்கல வீனஸ் சிலையின் விரலில், பந்து விளையாட இடைஞ்சலாக இருக்கிறதென்று, கல்யாண மாப்பிள்ளை தன் வைர மோதிரத்தை மாட்டிவிட்டுப் போகிறான். அப்புறம் கழற்ற முடியவில்லை. சிலை விரலை மடக்கிக்கொண்டதாக அவன் சொல்கிறான். அவன் குடித்திருந்தான் என்று கதைசொல்லி நினைக்கிறார். முதலிரவு விடியும்போது அவன் பிணமாகக் கிடக்கிறான், உடம்பை இரும்பு வளையத்தால் இறுக்கியதுபோல் தடம். சிலை வந்து கட்டிக்கொண்டது என்று மணப்பெண் சொல்கிறாள், அவளுக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்கிறார்கள். சிலையை உருக்கித் தேவாலய மணியாக வார்க்கிறார்கள். அந்த மணி ஒலிக்கத் தொடங்கியதிலிருந்து இரண்டு தரம் திராட்சைத் தோட்டம் பனியில் கருகிப்போயிற்று என்று அறிக்கை எழுதும் தொனியிலேயே முடிக்கிறார் மெரிமே. அலுவலக பாஷையில் எழுதிய பேய்க்கதை. எனக்கு இது மாப்பசானின் பாதிக் கதைகளைவிடப் பிடிக்கும்.

அதே காலத்துப் பிரெஞ்சு எழுத்தாளர் கோத்தியே வேறு ரகம். 1836-இல் வந்த 'காதலிக்கும் பிணம்' கதையில் இளம் பாதிரியார் ஒருவர் பகலில் பூசை செய்கிறார், இரவில் இறந்துபோன தாசியோடு வெனிஸ் நகரத்தில் சல்லாபமாக வாழ்கிறார். எது கனவு, எது நிஜம் என்று அவருக்கே தெரியாது. பட்டும் முத்தும் வாசனையுமாக ஒரே அலங்காரம். ரசிக்கலாம், பயம் வராது.

மாப்பசானிடம் அலங்காரமே கிடையாது. 'தோற்றம்' என்று 1883-இல் ஒரு சின்னக் கதை. எண்பத்திரண்டு வயதுக் கிழவர், 1827-இல் தான் ராணுவத்தில் இருந்தபோது நடந்ததைச் சொல்கிறார். மனைவியைப் பறிகொடுத்த பழைய நண்பன் ஒருவன், பூட்டிக் கிடக்கும் தன் மாளிகையிலிருந்து சில காகிதங்களை எடுத்து வரச் சொல்கிறான். போகிறார். இருட்டறையில் மேஜையைத் துழாவும்போது பின்னால் ஒரு பெருமூச்சு. வெள்ளை உடுத்திய ஒரு பெண். அவள் கேட்பது ஒன்றே ஒன்று, தலை வாரிவிடச் சொல்கிறாள். இவரும் சீப்பை வாங்கி, பாம்புபோல் சில்லிட்ட அந்த நீளக் கூந்தலை வாருகிறார், பின்னுகிறார், அவிழ்க்கிறார். முடிந்ததும் நன்றி சொல்லிவிட்டுப் போய்விடுகிறாள். எல்லாம் மனப்பிராந்தி என்று தேற்றிக்கொண்டு ஊர் திரும்பிய பிறகு, சீருடைப் பித்தான்களில் பெண்ணின் நீள முடிகள் சுற்றிக்கொண்டிருப்பதைப் பார்க்கிறார். பழிவாங்கல், சாபம் என்று ஒன்றுமில்லை. ஏன் தலை வாரச் சொன்னாள்? கதை அதைச் சொல்லாது, அந்த நண்பனும் காணாமல் போய்விடுகிறான்.

'கை' கதையில் கோர்சிகா தீவில் ஒரு ஆங்கிலேயர் வீட்டுச் சுவரில் வெட்டுண்ட மனிதக் கை ஒன்று சங்கிலியால் கட்டப்பட்டிருக்கிறது. அது தப்பிக்கப் பார்க்கிறதாம். ஒருநாள் ஆங்கிலேயர் கழுத்து நெரிபட்டுச் செத்துக் கிடக்கிறார், கை இல்லை, அவர் பல்லிடுக்கில் ஒரு விரல். கதையைச் சொல்லும் நீதிபதி, கைக்குச் சொந்தக்காரன் சாகாமல் இருந்து, மிச்சமிருக்கும் கையோடு வந்து எடுத்துப்போயிருப்பான் என்கிறார். கேட்டுக்கொண்டிருந்த பெண்களுக்கு அந்த விளக்கம் திருப்தியாக இல்லை. நமக்கும் இல்லை. அதுதான் மாப்பசானுக்கு வேண்டும். நம் புதுமைப்பித்தன் மாப்பசானைத் தழுவி எழுதியவர் என்பது தெரிந்த செய்தி. 1943-இல் அவர் எழுதிய 'காஞ்சனை'யில் கதைசொல்லி கடைசிவரை எதற்கும் தீர்ப்பு சொல்லாமல் தவிப்பதை நினைத்துக்கொள்ளுங்கள்.

பேயே இல்லாமல் பயமுறுத்தியதற்கு 1886-இல் வந்த 'விடுதி' போதும். சுவிஸ் ஆல்ப்ஸ் மலையில் கெம்மி கணவாய் வழியில் ஷ்வாரென்பாக் என்று ஒரு விடுதி, நிஜத்திலும் இருப்பது. குளிர்காலம் முழுக்கப் பனி மூடிக் கிடக்கும். வீட்டைக் காக்க ஒரு கிழவரும் ஓர் இளைஞனும் ஒரு நாயும் மட்டும் தங்குகிறார்கள். கிழவர் வேட்டைக்குப் போய்த் திரும்பவில்லை. தேடிக் களைத்துத் தூங்கும் இளைஞனுக்கு, தன் பெயரைச் சொல்லி யாரோ கூப்பிடுவது கேட்கிறது. அன்றிலிருந்து கதவை அடைத்துக்கொண்டு குடிக்கிறான். வெளியே சுவரைப் பிறாண்டும் சத்தம். உள்ளேயிருந்து இவனும் ஊளையிடுகிறான். வசந்தத்தில் விடுதிக்காரர் குடும்பம் மேலே வந்து பார்த்தால், வாசலில் நாயின் எலும்புக்கூடு. உள்ளே தலை நரைத்த ஒரு பைத்தியம். பிறாண்டியது எது என்று மாப்பசான் வாயைத் திறந்து சொல்வதில்லை.

இவையெல்லாம் எந்தக் காலத்தில் வந்தன என்பதையும் பார்க்க வேண்டும். 1885-இல் பாஸ்தர் வெறிநாய்க்கடிக்குத் தடுப்பூசி போட்டார். கண்ணுக்குத் தெரியாத உயிர்கள் மனிதனைக் கொல்கின்றன என்பது பத்திரிகைச் செய்தியாகிவிட்ட காலம். கப்பலில் ஏறி வந்து காய்ச்சலில் தொடங்கும் ஓர்லா, பேயைவிடக் கிருமிக்கு நெருங்கிய சொந்தம். அதே வருஷம் அக்டோபரில் ஃபிராய்ட் என்ற இளம் டாக்டர், சால்பெத்ரியேர் மருத்துவமனையில் சார்கோவிடம் படிக்க வியன்னாவிலிருந்து வந்து சேர்ந்தார். சார்கோ ஹிப்னாடிசம் செய்துகாட்டும் விரிவுரைகளுக்கு மாப்பசானும் போயிருக்கிறார். கதைக்குள் வரும் டாக்டர் அங்கிருந்து நேராக நடந்து வந்தவர்தான்.

இன்னொன்று, எனக்குச் சிரிப்பை வரவழைப்பது. புத்தகம் வந்த இரண்டாவது மாதம், 1887 ஜூலையில், பாரிசிலிருந்து ஒரு பலூனில் ஏறி, ராத்திரி முழுக்கப் பறந்து, விடியும்போது பெல்ஜியக் கடற்கரையோரம் ஹைஸ்ட்டில் இறங்கினார் மாப்பசான். பலூனின் பெயர் 'ஓர்லா'. விளம்பரம் தேடுகிறார் என்று முணுமுணுத்தார்கள். தேடியிருந்தாலும் தப்பில்லை. தன்னைத் துரத்தும் பிசாசின் பெயரை பலூனில் எழுதி ஊர் பார்க்கப் பறக்கிறவரை, அந்தப் பிசாசுக்கு அடிமையானவர் என்று எப்படி நினைப்பது?

நோய் தன் வேலையைச் செய்துகொண்டுதான் இருந்தது. கண் கோளாறு, தாங்க முடியாத தலைவலி, அதற்கு ஈதர். 1889-இல் தம்பி எர்வே மனநல விடுதியில் இறந்தார். 1892 புத்தாண்டு இரவு கான் நகரத்தில் மாப்பசான் உயிரை மாய்த்துக்கொள்ள முயன்றார். பாரிஸில், பாஸி பகுதியில் டாக்டர் எமில் பிளான்ஷ் நடத்திய விடுதிக்குக் கொண்டுவந்தார்கள். இன்று அந்த மாளிகையில் துருக்கித் தூதரகம் இருக்கிறது. அங்கே ஒன்றரை வருஷம் இருந்தார். அந்த ஒன்றரை வருஷத்தில் அவரிடமிருந்து ஒரு கதை வரவில்லை. பத்து வருஷத்தில் முந்நூறு கதை எழுதிய கை. பைத்தியம்தான் எழுத வைத்தது என்பவர்கள் இதற்கு என்ன சொல்வார்கள்?

அவர்கள் நெர்வாலைச் சொல்லலாம், சொன்னால் ஏற்றுக்கொள்வேன். கவிஞர் ழெரார் த நெர்வால் நாற்பது வருஷம் முன்னால் அதே டாக்டரின் அதே பாஸி விடுதியில் இருந்தவர். டாக்டரின் ஊக்கத்தில் தன் மனப்பிறழ்வை உள்ளிருந்தபடியே 'ஒரேலியா' என்று எழுதினார். 1855 ஜனவரியில் பாரிஸ் சந்து ஒன்றில் தூக்கில் தொங்கியபடி கிடைத்தார். நூலின் பின்பகுதி அவர் இறந்த பிறகுதான் வெளிவந்தது. கனவு வாசல் வாசலாகத் திறந்துகொண்டே போகும் நூல் அது. படித்தால் பயமே வராது, துக்கம்தான் வரும். கரியைத் தேய்த்துக்கொண்டு துணியில் கறை பட்டதா என்று பார்க்கிற ஆள் அதில் எங்கேயும் கிடையாது.

படிக்க நினைப்பவர்கள் 'தோற்றத்'திலிருந்து தொடங்குங்கள், கால் மணி நேரம் போதும். அடுத்து 'விடுதி'. 'ஓர்லா'வுக்கு வரும்போது 1886 வடிவத்தை முதலில் படித்துவிட்டு 1887 வடிவத்துக்குப் போங்கள். ஆங்கிலத் தொகுப்புகள் பலவற்றில் நாட்குறிப்பு வடிவம் மட்டும்தான் இருக்கும், வாங்குமுன் பொருளடக்கத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள். வின்சென்ட் பிரைஸ் நடித்த 1963 ஹாலிவுட் படத்தைக் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள். அதில் ஓர்லா வாய்விட்டுப் பேசுகிறது.